கத்தரிக்கோல் மூன்று

(இராசிபுரத்தில் தோழர்கள் கூட்டமொன்றில் நிகழ்த்திய உரை, ஏட்டுக்காகச் சுருக்கப்பட்டது)



சேலத்திலிருந்து ஏற்காட்டுக்குச் செல்லும் சாலையில் ஒரு வளைவு நிற்கிறது. வாயில் இருக்கிறது, வீடு இல்லை. நுழைவிடம் நிற்கிறது, நுழைந்து காண உள்ளே எதுவும் நிற்கவில்லை. பேருந்தில் அவ்வழியே செல்லும் முதியவர் ஒருவர் தலைதூக்கிப் பார்ப்பார். பக்கத்திலிருக்கும் பேரனிடம் ஏதோ சொல்வார். அதற்குள் பேருந்து கடந்துவிடும். அந்த வளைவுதான் மாடர்ன் தியேட்டர்ஸ்! நூற்றுக்கும் மேற்பட்ட படங்களை நாட்டுக்குத் தந்த நிலையத்தின் எஞ்சிய அடையாளம்!

அந்த வாயில் வழியே சென்றவர்களின் பெயர்களைச் சொல்லுங்கள் என்று கூட்டத்தினரைக் கேட்டேன். கலைஞர் என்றார் ஒருவர். கண்ணதாசன் என்றார் மற்றொருவர். எம்.ஜி.ஆர்., பானுமதி, மாதுரி தேவி, வீரப்பா என்று மளமளவெனப் பெயர்கள் வந்து விழுந்தன. அத்தனையும் சரியான விடைகள். பிறகு நான் ஒரு பெயரைச் சொன்னேன். எல். பாலு!

அவை அமைதியாயிற்று.

"மந்திரி குமாரி" பார்த்தீர்களா? பார்த்தோம் என்கிறீர்கள். "திரும்பிப்பார்"? பார்த்தோம். "அலிபாபாவும் 40 திருடர்களும்"? பத்து முறை பார்த்தோம் என்கிறீர்கள்! இம்மூன்று படங்களின் தொடக்கத்திலும் அந்தப் பெயர் உங்கள் கண்முன் வந்து நின்றிருக்கிறது. படத்தொகுப்பு: எல். பாலு. நீங்கள் அப்போது இருக்கை தேடிக்கொண்டிருந்தீர்கள். அல்லது முறுக்குக்காரனை அழைத்துக்கொண்டிருந்தீர்கள். உங்களைக் குறை கூறவில்லை. நானும் அவ்வாறே இருந்தவன்தான். இன்று அந்தப் பெயரைப் பற்றியும், அந்தப் பெயர் கொண்டவரின் தொழிலைப் பற்றியும், அத்தொழிலின் கருவியாகிய கத்தரிக்கோலைப் பற்றியும் பேச விரும்புகிறேன். இறுதியில் நான் செய்த ஒரு பிழையையும் உங்கள்முன் வைக்கக் கடமைப்பட்டிருக்கிறேன்.

தோழர்களே! மாடர்ன் தியேட்டர்சைத் தோற்றுவித்த டி. ஆர். சுந்தரம் நம் திருச்செங்கோட்டுக்காரர். 1907-இல் பிறந்தவர். நெசவுத் தொழிலில் தழைத்த குடும்பத்தில் வந்தவர். இங்கிலாந்தின் லீட்ஸ் நகருக்குச் சென்று நெசவுத் தொழில்நுட்பம் பயின்றவர். நூலோடு பழக வேண்டிய கை, பிலிமோடு பழகிற்று. 1930-களின் நடுவில் சேலத்தில் அவர் நிறுவிய நிலையத்திலிருந்து 1937-இல் "சதி அகல்யா" வெளிவந்தது. 1938-இல் மலையாளத்தின் முதல் பேசும்படமாகிய "பாலன்" அங்கேதான் உருவாயிற்று. 1956-இல் தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம் "அலிபாபா" அங்கிருந்துதான் புறப்பட்டது. சென்னைதான் சினிமா, மற்ற ஊர்களெல்லாம் கொட்டகை என்றிருந்த எண்ணத்தைச் சேர்வராயன் மலையடிவாரத்தில் உடைத்துக்காட்டினார் அந்த மனிதர். 1963-இல் அவர் மறைந்தார்; 1980-களின் தொடக்கத்தோடு படத்தயாரிப்பும் ஓய்ந்தது.

ஆலை நடத்துகிற முறையிலேயே அவர் ஸ்டூடியோவை நடத்தினார் என்பது ஊரறிந்த செய்தி. படப்பிடிப்புத் தளமும், ஒலிப்பதிவும், பிலிம் கழுவும் கூடமும், படம் தொகுக்கும் அறையும் ஒரே வளாகத்தில் இருந்தன. நெசவாலையில் நூல் ஒரு பக்கம் நுழைந்து, துணியாக மறுபக்கம் வெளிவருவதில்லையா? அதைப்போல், எழுதிய கதை ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் ரீல் பெட்டிகளாக வெளிவந்தது.

அந்த ஆலையில் எல். பாலுவின் வேலை என்ன?

நான் தறிக்காரக் குடும்பத்தில் வந்தவன். என் பாட்டனார் குழித்தறியில் அமர்ந்து நெய்தவர். நாடா ஓடிக்கொண்டிருக்கும்போது ஓர் இழை அறுந்தால் தறி நிற்கும். அறுந்த இழையின் இரு முனைகளையும் தேடிப் பிடித்து, முடிச்சு துருத்தாதபடி பிணைப்பார். துணியை விரித்துப் பார்ப்பவனுக்கு அறுந்த இடம் தெரியாது. தெரிந்தால் நெசவாளிக்கு இழுக்கு. படத்தொகுப்பாளனின் தொழில் தருமமும் அதுதான். அவன் வேலை செய்த இடம் கண்ணுக்குத் தெரியக்கூடாது!

கணக்கைக் கேளுங்கள். 35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம்கள். ஒரு நொடிக்கு 24 பிரேம்கள் ஓடுகின்றன. ஒரு நிமிடத்துக்கு 90 அடி. மூன்று மணி நேரப் படமென்றால் 16,200 அடி! அதைக் காட்டிலும் பன்மடங்கு நீளத்துக்குப் படம் பிடித்திருப்பார்கள். நாயகன் நடந்து வருவதை நான்கு முறை எடுத்திருப்பார்கள். நாயகி அழுவதை அருகிலிருந்து ஒருமுறை, தொலைவிலிருந்து ஒருமுறை எடுத்திருப்பார்கள். படம் ஒரு சுருளில், குரல் ஒரு சுருளில். கட்டை அடிக்கும் அந்தச் சத்தத்தையும், கட்டை மூடும் அந்தப் பிரேமையும் ஒன்றாக நிறுத்தினால்தான் உதடும் ஒலியும் ஒத்துப்போகும்.

இருண்ட சிறு அறை; மூவியோலா என்னும் பொறி; அதன் சிறிய கண்ணாடியில் ஓடும் பொடி உருவங்கள். பிலிமில் கைரேகை படாமலிருக்கக் கையுறை. கொக்கிகளில் வரிசையாகத் தொங்கும் துண்டுகள். வெட்டுவான், முனையிலுள்ள பூச்சைச் சுரண்டுவான், பிலிம் சிமெண்டைத் தடவி ஒட்டுவான், ஓட்டிப் பார்ப்பான், பிடிக்காது, பிரிப்பான், இரண்டு பிரேம் குறைத்து மீண்டும் ஒட்டுவான். இரண்டு பிரேம் என்பது ஒரு நொடியில் பன்னிரண்டில் ஒரு பங்கு! கண் சிமிட்டும் நேரத்தைவிடக் குறைவு! அந்தக் குறைவில்தான் அறை விழுந்ததா, விழவில்லையா என்பது இருக்கிறது.

"மந்திரி குமாரி"யை எண்ணிப் பாருங்கள். 1950-இல் வந்த படம். அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கத் தொடங்கினார். இடையில் அவர் தாயகம் திரும்பியதும், எஞ்சியதைச் சுந்தரமே இயக்கி முடித்தார். இரண்டு இயக்குநர், இரண்டு கண், இரண்டு மனப்போக்கு. ஆனால் கொட்டகையில் அமர்ந்து பார்த்தவனுக்கு இரண்டு படமாகத் தெரிந்ததா? இல்லை! ஒரே படமாகத்தான் தெரிந்தது. இருவர் எடுத்ததை ஒருவர் எடுத்ததுபோல் ஆக்குகிற பொறுப்பு எந்த மேசைமீது வந்து விழும்? தொகுப்பாளரின் மேசைமீதுதான்!

அதன் மலையுச்சிக் காட்சியை மறக்க முடியுமா? கொல்லத் துணிந்த கணவன். கும்பிட்டு வலம்வரக் கேட்கும் மனைவி. அவள் சுற்றிவருகிறாள். அவன் முகம், அவள் முகம், பாறையின் விளிம்பு, பள்ளத்தின் ஆழம். அவள் தள்ளப்போகிறாள் என்பது நமக்குச் சற்று முன்னதாகவே தெரிந்துவிட்டால் பதைப்பு போய்விடும். பிந்தித் தெரிந்தால் குழப்பம் வந்துவிடும். கலைஞரின் எழுத்து அங்கே உண்டு. மாதுரி தேவி, எஸ். ஏ. நடராஜன் ஆகியோரின் நடிப்பு உண்டு. அவற்றை எந்த நொடியில் தொடங்கி எந்த நொடியில் நிறுத்துவது என்று முடிவு செய்த கத்தரிக்கோலும் உண்டு! மேடைதோறும் வசனத்தைச் சொல்லிச் சொல்லி மகிழ்கிறோமே, அந்த வசனம் முடிந்ததும் கேட்பவனின் முகத்தை எத்தனை அடி நீளத்துக்குக் காட்டினால் நம் நெஞ்சில் அது இறங்கும் என்று அளந்து விட்டவன் ஒருவன் இருந்தானே, அவனைச் சொன்னோமா?

இதுவே முதற் கத்தரிக்கோல். இணைப்பதற்காக வெட்டுகிற கத்தரிக்கோல்.

அந்தக் கத்தரிக்கோலைப் பிடித்த கைகள் சில, ஏணிப்படி ஏறியதும் உண்டு. உமையாள்புரத்தில் 1915-இல் பிறந்த பஞ்சு, கிருஷ்ணனோடு சேர்ந்து கிருஷ்ணன்–பஞ்சு என்ற இரட்டையராகி இயக்குநர் நாற்காலியில் அமர்ந்தார். 1949-இல் அண்ணாவின் எழுத்தில் "நல்லதம்பி", 1952-இல் கலைஞரின் எழுத்தில் "பராசக்தி" ஆகியவற்றை அந்த இரட்டையர் இயக்கினர். இயக்குநராகிவிட்டோமே, இனி இருட்டறை எதற்கு என்று பஞ்சு எண்ணினாரில்லை. "பராசக்தி"யை அவரே தொகுத்தார்; அதற்கு அவர் இட்டுக்கொண்ட பெயர் பஞ்சாபி! இயக்குநர் என்ற இடத்தில் ஒரு பெயர், தொகுப்பாளர் என்ற இடத்தில் வேறொரு பெயர். அவர்களிடம் உதவித் தொகுப்பாளராகத் தொழில் கற்ற பீம்சிங், பின்னாளில் "பாகப்பிரிவினை"யும் "பாசமலர்"ரும் தந்து தமிழ்க் குடும்பங்களையெல்லாம் அழவைத்தார். அவருடைய மைந்தர் பி. லெனினும் அதே மேசைக்கு வந்து பெயர் பெற்றார். ஆக, இருட்டறை என்பது ஒரு பள்ளிக்கூடம்! எதை விடுவது என்று கற்றவனுக்கு, எதை எடுப்பது என்பது தானே விளங்கும்.

நானும் அந்தப் பள்ளியின் கடைசி இருக்கையில் சிறிது காலம் அமர்ந்தவன். கல்லூரியை இரண்டாம் ஆண்டோடு விட்டுவிட்டு நாடகம் எழுதத் தொடங்கினேன். முதல் நாடகம் நான்கு மணி நேரம் ஓடிற்று. எங்கள் பக்கத்து டூரிங் டாக்கீசில் ஆபரேட்டராக இருந்து ஓய்ந்த பெரியவர் ஒருவர் ஒத்திகைக்கு வந்திருந்தார். கையெழுத்துப் படியை வாங்கினார். சிவப்புப் பென்சிலால் பக்கம் பக்கமாகக் கோடு போட்டார். எனக்கு நெஞ்சு பதறிற்று.

"ஐயா, அதெல்லாம் நல்ல வசனமுங்க" என்றேன்.

"நல்ல வசனந்தான் தம்பி. சனம் எந்திரிச்சுப் போனதுக்கப்புறம் அதை யாருக்குச் சொல்லுவே?" என்றார்.

பிலிம் அறுந்துபோனால் பிளேடால் வெட்டி ஒட்டி ஓட்டிய கை அது. படத்தை இங்கே வெட்டினால் வசனம் வேறிடத்தில் அறும். ஏனென்றால் ஒலி, தனக்குரிய படத்தைவிட 20 பிரேம் தள்ளியே பிலிமில் பதிந்திருக்கும் என்று அவர்தான் எனக்குச் சொல்லித் தந்தார். "வெட்டுறவன் வெட்டுற இடத்தை மட்டும் பாக்கக் கூடாது தம்பி, அது எங்கே போயி அறுக்குதுன்னு பாக்கணும்" என்றார். அந்தச் சொல்லின் முழுப்பொருள் அன்று எனக்கு விளங்கவில்லை.

அடுத்தது இரண்டாவது கத்தரிக்கோல். அது ஆட்சியின் கையிலுள்ள கத்தரிக்கோல்!

வெள்ளையன் காலத்திலிருந்தே அது பழகி வந்த கருவி. இரண்டாம் உலகப்போரில் கச்சா பிலிமுக்குத் தட்டுப்பாடு வந்தபோது, படத்தின் நீளம் 11,000 அடியைத் தாண்டக்கூடாதென்று அரசு வரம்பு கட்டியது. ஏறத்தாழ இரண்டு மணி நேரம். அது பஞ்சகாலக் கட்டுப்பாடு, பொறுத்துக்கொள்ளலாம். எண்ணத்தின் நீளத்துக்கும் வரம்பு கட்டினார்களே, அதைத்தான் பொறுக்க முடியாது! நாடு விடுதலை பெற்ற பின் 1952-இல் திரைப்படச் சட்டம் வந்தது. வெளிவருமுன் ஒவ்வொரு படத்தையும் குழு பார்க்கும். வேண்டாததை வெட்டச் சொல்லும். அதே ஆண்டு தீபாவளிக்கு வந்த "பராசக்தி"யைத் தடை செய்ய வேண்டுமென்று எழுந்த கூக்குரல் கொஞ்சமா? சான்றிதழ் பெற்று வந்த படத்தையே மறுபடி பார்க்க வேண்டும் என்றார்கள். 1954-இல் சென்னை மாநிலத்தில் நாடகக் கட்டுப்பாட்டுச் சட்டமும் வந்தது. எம். ஆர். ராதாவின் நாடகங்களை நோக்கி நீட்டப்பட்ட கத்தி அது என்பதை நாடறியும். உயர்நீதிமன்றம் அதைச் செல்லாதென்று அறிவித்த ஆண்டு எது தெரியுமா? 2013! ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் அந்தக் கத்தரிக்கோல் நாடகக்காரன் கழுத்தருகே தொங்கிக்கொண்டிருந்தது.

இந்த வழக்கு நம் நாட்டுக்கு மட்டும் உரியதா? கடல்கடந்து ஐரோப்பாவின் நடுவே செல்வோம். செக்கோஸ்லோவாக்கியா என்றொரு நாடு அன்று இருந்தது. அதன் தலைநகர் பிராகில் பாரந்தோவ் என்ற பெரும் ஸ்டூடியோ. சேலத்துக்கு மாடர்ன் தியேட்டர்ஸ் எப்படியோ, பிராகுக்கு அப்படி. அங்கே மிரோஸ்லாவ் ஹாயெக் என்றொரு படத்தொகுப்பாளர். வேரா கிதிலோவா என்ற பெண் இயக்குநர் 1966-இல் எடுத்த "டெய்சிப் பூக்கள்", மிலோஷ் ஃபோர்மன் 1967-இல் எடுத்த "தீயணைப்பு வீரர் விழா" இரண்டையும் தொகுத்தவர் அவரே. "டெய்சிப் பூக்க"ளில் ஒரு காட்சி: இரண்டு குறும்புக்காரப் பெண்கள் கத்தரிக்கோலை எடுத்து ஒருவரையொருவர் வெட்டி விளையாடுகிறார்கள். உடல் துண்டாகிறது, திரையே துண்டு துண்டாகிறது! தொகுப்பாளன் தன் கருவியைத் திரையிலேயே கொண்டுவந்து காட்டியதுபோன்ற காட்சி. 

அந்நாட்டு நாடாளுமன்றத்தில் ஓர் உறுப்பினர் எழுந்து, உணவை வீணாக்கும் படம் என்று அதைத் தாக்கிப் பேசினார். 1968 ஆகஸ்டில் சோவியத் டாங்கிகள் பிராகுக்குள் புகுந்தன. அதன்பின் ஃபோர்மனின் படமும் பூட்டிவைக்கப்பட்டது. மக்கள் பெயரால் நடந்த ஆட்சிதான்; தொழிலாளர் பெயரால் நடந்த ஆட்சிதான். ஆயினும் ஓர் ஊர்த் தீயணைப்பு வீரர்களின் விழாவைப் பார்த்துச் சிரிக்கும் சிரிப்பை அந்த ஆட்சியால் தாங்க முடியவில்லை! கொடியின் நிறம் எதுவாயினும், கேலியைக் கண்டு அஞ்சுகிற ஆட்சியின் கை தேடுவது கத்தரிக்கோலைத்தான்.

நம் நாட்டில் என்ன நடந்தது? கே. ஏ. அப்பாஸ் வழக்குத் தொடுத்தார். முன்தணிக்கை செல்லும் என்று 1970-இல் உச்சநீதிமன்றம் கூறிவிட்டது. ஆனால் கண்டபடி வெட்டக்கூடாது, அதற்கு வரையறை வேண்டும் என்றும் கூறியது. பிறகு 1989-இல் நம் தமிழ்ப்படம் ஒன்றே நீதிமன்றம் ஏறிற்று. "ஒரே ஒரு கிராமத்திலே"! சாதி அடிப்படையிலான இடஒதுக்கீட்டைக் குறைகூறிய படம். இங்கே அமர்ந்திருப்போரில் பெரும்பாலோர் இடஒதுக்கீட்டால் படித்த குடும்பங்களைச் சேர்ந்தவர்கள். அந்தப் படத்தின் கருத்து நமக்கு உடன்பாடானதன்று, எனக்கும் உடன்பாடானதன்று. ஆயினும், ஆர்ப்பாட்டம் நடக்கும், கலவரம் வரும் என்ற அச்சுறுத்தலைக் காட்டிக் கருத்துரிமையை நசுக்கக்கூடாதென்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்ததே, அதை நாம் ஏற்க வேண்டுமா, வேண்டாமா? ஏற்கத்தான் வேண்டும்! "பராசக்தி"க்கு ஒரு நீதி, நமக்குப் பிடிக்காத படத்துக்கு ஒரு நீதி என்றால், நாம் கத்தரிக்கோலை எதிர்க்கவில்லை. அது நம் கையில் இல்லையே என்றுதான் ஏங்குகிறோம் என்று பொருள்.

தோழர்களே! இப்போது மூன்றாவது கத்தரிக்கோலுக்கு வருகிறேன். என் பிழையும் இங்கேதான் இருக்கிறது.

சோவியத் நாட்டில் லெவ் குலெஷோவ் என்ற இயக்குநர் ஒரு சோதனை செய்தார். அவருடைய மாணவர் புடோவ்கின் அதைப் பற்றி எழுதியிருக்கிறார். ஒரு நடிகரின் முகம். அதில் எந்த உணர்ச்சியும் இல்லை. அந்த முகத்தை அடுத்து ஒரு சூப்புக் கிண்ணத்தைக் காட்டினார். பார்த்தவர்கள், ஆகா, பசியை எப்படி நடித்திருக்கிறார் என்றார்கள். அதே முகத்தை அடுத்துச் சவப்பெட்டியைக் காட்டினார். என்ன துயரம் என்றார்கள். அதே முகம், அடுத்து விளையாடும் குழந்தை. என்ன கனிவு என்றார்கள். முகம் மாறவில்லை! அடுத்து வந்தது மாறிற்று, பொருளும் மாறிற்று. கத்தரிக்கோலின் வலிமை அவ்வளவு.

அந்த வலிமை அன்று இருட்டறையில், தொழில் கற்றவன் கையில் இருந்தது. இன்று? உங்கள் சட்டைப்பையில் இருக்கிறது! கைப்பேசியை வைத்திருப்பவரெல்லாம் படத்தொகுப்பாளர். பிலிம் வேண்டாம், சிமெண்ட் வேண்டாம், மூவியோலா வேண்டாம், விரல் போதும். இரண்டு மணி நேரப் பேச்சை இருபது நொடியாக வெட்டலாம். வெட்டியதை ஊரெங்கும் அனுப்பலாம்.

நம் தமிழுக்கு ஓர் இயல்பு உண்டு. சொல்லப்படுவது முன்னே வரும், சொன்னவன் யார், அவனைப் பற்றிய முடிவு என்ன என்பது கடைசியில்தான் வரும். "ஏழை வீட்டுப் பிள்ளைக்குக் கல்லூரி எதற்கு என்று கேட்பவன் மூடன்" என்று ஒருவர் பேசுகிறார். கடைசி மூன்று சொற்களை வெட்டிப் பாருங்கள். மூடனைக் கண்டித்தவரே மூடனாகிவிடுவார்!

கற்பனையாகச் சொல்லவில்லை. தேர்தல் காலமொன்றில் எதிரணிப் பேச்சாளர் ஒருவரின் பேச்சு, ஏறத்தாழ இதே பொருளில், இதே வகையில் அறுக்கப்பட்டு என் கைப்பேசிக்கு வந்தது. கல்லூரியைப் பாதியில் விட்டவன் நான். அந்த வரி என்னைச் சுட்டது. முன்னே என்ன, பின்னே என்ன என்று கேட்கவில்லை. நூறு பேருக்கு அனுப்பினேன். அன்று மாலை மேடையேறி அரைமணி நேரம் அவரைச் சாடினேன். கைதட்டல் வானைப் பிளந்தது!

மறுநாள் காலையில், நம் தங்கை ஒருத்தி, கல்லூரியில் படிப்பவள், முழுப்பேச்சையும் கொண்டுவந்து என்முன் வைத்தாள். "அண்ணா, அவர் சொன்னது நீங்க சொல்றதுதான். மிச்சத்தையும் கேளுங்க" என்றாள். கேட்டேன். வெட்கினேன். அவரோடு எனக்கு ஆயிரம் கருத்து வேறுபாடுகள் உண்டு. அந்த ஆயிரத்தையும் நேர்மையாகப் பேசியிருக்கலாம். அவர் சொல்லாத ஒன்றுக்காக அவரை ஊர்முன் நிறுத்தினேனே! பெரியவர் சொன்னது அன்றுதான் எனக்கு விளங்கிற்று. எங்கோ வெட்டியது எங்கோ போய் அறுக்கிறது. அந்தப் பேச்சை வெட்டியவன் யாரோ. அறுந்தது என் நாணயம்.

எந்த மேடையில் சாடினேனோ அந்த மேடையிலேயே நின்று, நேற்று நான் சொன்னது தவறு என்றேன். கைதட்டல் வரவில்லை. "எதிரியிடம் எதற்கய்யா மன்னிப்பு? அவன் நம்மை வெட்டவில்லையா?" என்று தோழர்கள் சிலர் கடிந்துகொண்டார்கள். வெட்டுகிறான், மறுக்கவில்லை. நாளைக்கே இந்தப் பேச்சையும் வெட்டுவான். "நேற்று நான் சொன்னது தவறு" என்பதை மட்டும் எடுத்துக்கொண்டு ஊர் சிரிக்கச் செய்வான். செய்யட்டும்! ஆனால் ஒன்றைக் கேட்கிறேன். "பராசக்தி"யை வெட்டு என்றவர்களை நாம் எதிர்த்தது எதற்காக? ஒருவன் சொல்ல வந்ததை முழுமையாகச் சொல்லவிடு என்பதற்காக! அந்த உரிமையைக் கேட்டு வளர்ந்த நாம், மற்றவனுக்கு அதை மறுக்கலாமா?

முதற் கத்தரிக்கோல் வெட்டியது, மிகுந்ததை நீக்கிப் பொருளை விளக்குவதற்காக. இரண்டாவது வெட்டியது, பொருளை மறைப்பதற்காக. மூன்றாவது வெட்டுவது, பொருளைப் புரட்டுவதற்காக. கருவி ஒன்றே. எல். பாலு போன்றோர் கையில் அது தொழிலாக இருந்தது. வெட்டிய துண்டையும் அவர்கள் உடனே எறிந்துவிடுவதில்லை. கொக்கியில் தொங்கவிட்டு, தேவைப்பட்டால் மீண்டும் எடுத்துப் பார்ப்பார்கள். நமக்கும் அந்த வழக்கம் வேண்டும். ஒரு துண்டு வந்தால், மற்றத் துண்டு எங்கே என்று கேட்போம். கிடைக்கும்வரை விரல் பொறுத்திருக்கட்டும்.

தோழர்களே! இன்னொன்று. கொள்கைக்கு உழைப்போரிலும் திரையில் தோன்றுவோர் சிலர். இருட்டறையில் உழைப்போர் பலர். மேடையில் நான் நிற்கிறேன். பந்தல் கால் நட்டவரை யார் அறிவார்? வாக்காளர் பட்டியலை இரவெல்லாம் சரிபார்த்தவரை யார் அறிவார்? அவர்கள் வேலை செய்த இடம் தெரியவில்லை என்றால், வேலை நன்றாக நடந்திருக்கிறது என்று பொருள். அதற்காக அவர்களுடைய பெயரும் தெரியாமல் போகலாமா?

இராசிபுரத்தில் நான் பேசியது இதைப்போல் இருமடங்கு. ஞாயிற்றுக்கிழமை ஏட்டில் இவ்வளவுதான் இடம் என்றார்கள். சுருக்கித் தந்தவர் நம் ஏட்டின் ஆசிரியர் குழுவில் இரவுப்பணி பார்க்கும் தோழர். எங்கே வெட்டினார் என்று நானே தேடிப் பார்த்தேன், தெரியவில்லை. என் பொருளும் எங்கும் சிதையவில்லை. பெயர் வேண்டாமென்று அவர் தடுத்துவிட்டார்.

அடுத்த முறை ஏற்காட்டுச் சாலையில் செல்லும்போது அந்த வளைவைக் காட்டுங்கள். உடன்வரும் பிள்ளை யார் யார் இருந்தார்கள் என்று கேட்டால், தெரிந்த பெயர்களைச் சொல்லிவிட்டு, எல். பாலு என்றும் சொல்லுங்கள். அவர் யார் என்று பிள்ளை கேட்கும். அப்போது சொல்வதற்கு இப்போது உங்களிடம் ஒரு செய்தி இருக்கிறது.